மூன்றாவது கை

ஏப்ரல் 21, திங்கள்

இது அம்மாவின் வங்கியில் 2019ஆம் வருடம் கொடுத்த டைரி. இதிலுள்ள கிழமைகளை அடித்துவிட்டுத்தான் எழுத வேண்டியிருக்கிறது. பள்ளியில் புத்தம் புது நோட்டு ஒன்று கொடுத்திருக்கிறார்கள். ஆனால் அதில் எழுத எனக்கு அனுமதி இல்லை, காரணம் அது என்னுடைய நோட்டு.

கதை இதுதான். போன வருடம் எங்கள் பள்ளியில் முதல் மதிப்பெண் வாங்கிய அண்ணன் சென்னையில் பெரிய கல்லூரியில் சேர்ந்தான். ஐந்தாம் நாள் பெட்டியோடு ஈரோடு ஜங்ஷனில் வந்து இறங்கினான். துவைத்த துணியைப் பிழிந்து காயப் போட வேண்டும் என்று அவனுக்குத் தெரியாதாம். நான்கு நாளும் சொட்டச் சொட்ட ஈரச் சட்டையோடு வகுப்புக்குப் போய்க் காய்ச்சல் கண்டுவிட்டது. அவன் பெற்றோர் நேராகப் பள்ளிக்கு வந்து, "இதெல்லாம் நீங்க ஏன் சொல்லித் தரலீங்க?" என்று சண்டை பிடித்தார்கள். பிழிவது பாடத்திட்டத்தில் இல்லை என்று பிரின்சிபால் சொல்லிப் பார்த்தார். எடுபடவில்லை.

ஆகவே, பதினொன்றாம் வகுப்பு முடித்த எங்களுக்குக் கோடை விடுமுறையில் ஒரு திட்டம். பெயர் 'நானே செய்வேன்: முப்பது நாள், முப்பது செயல்'. தினம் ஒரு வீட்டு வேலை. செய்த வேலையைப் படம் எடுத்துப் பெற்றோர் வாட்ஸப் குழுவில் போட வேண்டும். செய்தபோது மனம் எப்படி இருந்தது என்று நோட்டில் எழுத வேண்டும். கீழே பெற்றோர் கையெழுத்து. முதலிடத்துக்குக் கேடயம்.

முதல் நாள் படுக்கை விரிப்பை மடித்தல். அம்மாதான் மடித்தாள். "நீ கோணலா மடிப்பே கண்ணு, போட்டோல அசிங்கமாத் தெரியும்" என்றாள். மடித்ததை என் கையில் வைத்து, சிரிக்கச் சொல்லி, படம் எடுத்தாள். பிறகு நோட்டை வாங்கி என் மனநிலையையும் அவளே எழுதினாள்: 'இன்று என் போர்வையை நானே மடித்தேன். மனம் பட்டாம்பூச்சியாய்ப் பறந்தது.'

அப்பா எட்டிப் பார்த்தார். மார்க்கெட்டில் அவருக்குப் போர்வை, பெட்ஷீட் மொத்த வியாபாரம். கடையில் பதினான்கு பேர் அவர் சொன்னபடி மடிப்பார்கள். "பதினேழு வயசுல பெட்ஷீட் மடிக்கறதுக்கு சர்டிபிகேட்டா? காலக்கொடுமை" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போனார். அவர் எழுந்து வந்த போர்வை கட்டிலில் கசங்கிக் கிடந்தது. அதையும் அம்மாதான் மடித்தாள். அதற்குப் படம் எடுக்கவில்லை.

வாயே மூடாத எனக்கு மௌனிகா என்று பெயர் வைத்தது இந்த அப்பாதான். அவர் கணிப்புகள் எல்லாமே இப்படித்தான் ஆகும்.

ஏப்ரல் 22, செவ்வாய்

டீ போடுதல். அம்மா போட்டாள், நான் கரண்டியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மனம் இன்றைக்குச் சிட்டுக்குருவியாய்ப் பறந்ததாம்.

ஏப்ரல் 24, வியாழன்

துணி துவைத்தல். குழுவில் இன்று திருவிழா.

என் வகுப்பு விஷ்வாவின் படம்தான் உச்சம். அவன் இரண்டு கையையும் வாளிக்குள் விட்டுக்கொண்டு கேமராவைப் பார்த்துப் பல் தெரியச் சிரிக்கிறான். பக்கத்தில் மூன்றாவதாக ஒரு கை, இரண்டு தங்க வளையலோடு, அவன் சட்டைக் காலரை மும்முரமாகத் தேய்த்துக்கொண்டிருக்கிறது. அந்தக் கையைப் பற்றி ஒருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. நாற்பத்தொரு ஹார்ட். கீதாலட்சுமி மிஸ், "வெரி குட் விஷ்வா, கீப் இட் அப்" என்று போட்டிருந்தார். யாரும் யாரையும் காட்டிக் கொடுக்க முடியாது. எல்லா வீட்டிலும் அந்தக் கை இருக்கிறது. மற்றவர்கள் அதைப் படத்துக்கு வெளியே நிறுத்தத் தெரிந்தவர்கள், அவ்வளவுதான்.

என் தோழி ரிஸ்வானா அவளுடைய மூன்று தம்பிகளின் துணியும் சேர்த்துத் துவைத்துக் கொடியில் போட்டுப் படம் அனுப்பியிருந்தாள். அவள் ஆறாம் வகுப்பிலிருந்து இதெல்லாம் செய்கிறவள். இரண்டு ஹார்ட். ஒன்று நான் போட்டது, இன்னொன்று அவளே போட்டுக்கொண்டது.

ஏப்ரல் 28, திங்கள்

இன்று குக்கரில் சாதம் வைத்தல். அம்மா காலையில் வங்கிக்குக் கிளம்பும்போதே, "நான் ஏழு மணிக்கு வந்து வைக்கறேன், நீ பக்கத்துல நின்னாப் போதும்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

பகலெல்லாம் வீட்டில் நான் மட்டும்தான். சலிப்பில் ரிஸ்வானாவுக்கு வீடியோ கால் போட்டேன். "ஏய், அரிசியக் கழுவோணும்னாவது தெரியுமா?" என்றாள். தெரியாது என்பதை நான் ஒப்புக்கொள்ளவில்லை. அவள் சொல்லச் சொல்லச் செய்தேன். முதல் விசிலுக்குப் பயந்து ஹாலுக்கு ஓடிவிட்டேன். ஆறிய பிறகு திறந்தால், சாதம்! ஒவ்வொரு பருக்கையும் தனியாக. நானே கொஞ்சம் வெறும் சாதமாகத் தின்று பார்த்தேன். பட்டாம்பூச்சி பறக்கவில்லை. ஆனால் எதுவோ இருந்தது.

ஏழு மணிக்கு வந்த அம்மா குக்கரைத் திறந்து பார்த்துவிட்டுக் கேட்டாள்: "அத்தை வந்தாங்களா?"

இல்லை, நான்தான் என்று சொல்ல வாயெடுத்தேன். அவள் முகத்தில் என்னை நம்பும் உத்தேசமே இல்லை. "ஆமாங்க" என்றேன். இருக்கட்டும். ஒருநாள் வைத்துக் காட்டுகிறேன்.

மே 2, வெள்ளி

பகல் பள்ளிக்கூடம் மும்முரமாக நடக்கிறது. ஆசிரியை ரிஸ்வானா, போனுக்குள் இருந்தபடி. ரசம், தோசை, பொரியல் முடிந்தது. பொத்தான் தைத்தேன், விரலோடு சேர்த்து. சிலிண்டர் மாற்றினேன், மாற்றிவிட்டுச் சோப்புத் தண்ணீர் தடவிக் கசிகிறதா என்று பார்க்கவும் தெரியும். சமைத்ததைத் தின்று தடயத்தை அழித்து, பாத்திரம் கழுவிக் கவிழ்த்துவிட்டு, அம்மா வரும்போது சோபாவில் படுத்துப் போனைப் பார்த்துக்கொண்டிருப்பேன். "ஒரு டம்ளரக் கூட நகத்தாத புள்ள" என்பாள் அம்மா.

முப்பதாம் நாள் மூன்று பேருக்கும் முழுச் சாப்பாடு செய்து பரிமாறி, அம்மாவின் முகத்தைப் படம் பிடிப்பதாகத் திட்டம்.

மே 3, சனி

பதின்மூன்றாம் செயல்: வீட்டின் முக்கியக் காகிதங்கள் எங்கே இருக்கின்றன என்று அறிதல். உருப்படியான செயல் இது ஒன்றுதான் என்று நினைத்துக்கொண்டு பீரோவைத் திறந்தேன்.

கேஸ் புத்தகம், வரி ரசீது, என் பிறப்புச் சான்றிதழ். அதற்கெல்லாம் கீழே, மஞ்சள் பைலில், அம்மாவின் வங்கியிலிருந்து வந்த கடிதம். அம்மாவுக்குப் பதவி உயர்வு, கிளார்க்கிலிருந்து அதிகாரியாக. போக வேண்டிய ஊர் நாகப்பட்டினம். பத்தொன்பதாம் தேதி அங்கே சேர வேண்டும். வேண்டாமென்றால் பதினாறாம் தேதிக்குள் எழுதிக் கொடுக்க வேண்டும். இதுவே கடைசி வாய்ப்பு, இந்த முறையும் மறுத்தால் பெயரைப் பட்டியலிலிருந்து எடுத்துவிடுவார்கள் என்று அடியில் ஒரு வரி.

கடிதம் வந்து பத்து நாள் ஆகிறது. என்னிடம் யாரும் சொல்லவில்லை.

அதோடு பழைய ஜெராக்ஸ் தாள் இரண்டு இருந்தன. படிக்கவில்லை.

நாகப்பட்டினம் எங்கே என்று மேப்பில் பார்த்தேன். அதற்கு அப்பால் கடல்தான் இருக்கிறது. நமக்கென்ன.

மே 4, ஞாயிறு

இன்று அம்மா முன்னால் பால் காய்ச்சினேன். பொங்கி வழிந்து அடுப்பெல்லாம் பால். பக்கத்திலேயேதான் நின்றிருந்தேன். எப்படியோ நடந்துவிட்டது.

மே 5, திங்கள்

சாதம் அடிப்பிடித்தது.

மே 6, செவ்வாய்

இஸ்திரி போடும்போது அப்பாவின் கல்யாண வீட்டுச் சட்டையில் சரியாக முதுகு நடுவில் பெட்டியின் அச்சு விழுந்துவிட்டது. அப்பா சட்டையைத் தூக்கிப் பிடித்து அதன் வழியாக என்னைப் பார்த்தார்.

ரிஸ்வானாவிடம் சொன்னபோது அவள் சிரிக்கவில்லை. "போன வாரம் நல்லாத்தானடி தேய்ச்சே? திடீர்னு என்ன ஆச்சு உனக்கு?" என்றாள்.

வெயில் அதிகம் என்றேன்.

மே 7, புதன்

சாயங்காலம் வளர்மதி அத்தை வந்திருந்தார். அப்பாவின் அக்கா. அடுத்த தெருதான், எங்கள் வீட்டுக் குக்கர் விசிலை எண்ணிச் சொல்லும் தூரம். கூடத்தில் பெரியவர்கள் பேச்சு. நான் அறைக்குள் படித்துக்கொண்டிருந்தேன், அதாவது கதவோரம்.

"நாகப்பட்டணமா? ஏம் பூங்கொடி, இங்க உனக்கு என்ன கொறச்சல்?" இது அத்தை.

"கொறச்சல்னு இல்லீங்கண்ணி. இருபது வருஷமா அதே கவுண்டர், அதே சேர். ஒரு தடவ அந்தப் பக்கம் உக்காந்து பாக்கலாம்னுதான்." இது அம்மா.

"போகலாம், யாரு வேண்டாங்கறா" என்றார் அப்பா. "ஆனா மௌனிய நெனச்சுப் பாரு. பாலு பொங்கறதக் கூட நின்னு வேடிக்கை பாக்கறா. இவள விட்டுட்டு நீ எப்படிப் போவே?"

அம்மா காலி டம்ளர்களைப் பொறுக்கிக்கொண்டு உள்ளே போனாள். எனக்கு நிம்மதியாக இருந்தது. எதற்கென்று இந்த டைரி கேட்காமல் இருப்பது நல்லது.

மே 9, வெள்ளி

அம்மா இன்று அரைநாள் விடுப்பு. வந்ததும் புடவையைக் கூட மாற்றாமல் என்னை அடுப்படிக்கு இழுத்துக்கொண்டு போனாள். படம் எடுக்கப் போனைக் கொண்டு வரவில்லை. அப்போதே எனக்குப் புரிந்திருக்க வேண்டும்.

"சாம்பார் வைக்கலாம் வா. நான் தொடமாட்டேன், நீயே செய்யி."

நிஜமாகவே தொடவில்லை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்று ஒவ்வொன்றாகச் சொன்னாள். அவளுக்கு அவசரம் தெரிந்தது, ஆசையும் தெரிந்தது. "இவ்வளவுதான் கண்ணு, கஷ்டமே இல்ல பாரு" என்று இரண்டு முறை சொன்னாள். என்னிடமா, தனக்கா என்று தெரியவில்லை. இடையில், "ஒருவேள நான் ஊர்ல இல்லீன்னா நீ சமாளிச்சுக்குவியா?" என்று சாதாரணமாகக் கேட்பது போலக் கேட்டாள்.

நான் உப்பு போட்டேன். அவள் கடிகாரத்தைப் பார்க்கத் திரும்பியபோது இன்னொரு தரமும் போட்டேன்.

சாப்பிடும்போது அப்பா ஒரு வாயோடு தட்டைத் தள்ளிவிட்டு, "நான் சொல்லல?" என்றார். அம்மா தள்ளவில்லை. தயிரைக் கலந்துகொண்டு முழுவதையும் சாப்பிட்டாள். ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

மே 12, திங்கள்

இருபத்திரண்டாம் செயல்: வெளி வேலை ஒன்றைத் தனியாக முடித்தல். அம்மா போனில் ஒரு பைலை அனுப்பினாள். "பிரவுசிங் சென்டர்ல ஒரு பிரின்ட் எடுத்துட்டு வந்துரு கண்ணு. அதையே போட்டோ எடுத்துப் போட்டுக்கலாம்."

மறுப்புக் கடிதம். தாள் சூடாக என் கைக்கு வந்தது. கடை வாசலிலேயே நின்று படித்தேன். 'என் மகளுக்குத் தன்னைத் தானே பார்த்துக்கொள்ளும் பக்குவம் இன்னும் வராத காரணத்தால்...'

இனி உண்மையை எழுதுகிறேன். அந்தப் பழைய ஜெராக்ஸ் இரண்டையும் நான் அன்றைக்கே படித்துவிட்டேன். இரண்டும் மறுப்புக் கடிதங்கள். முதலாவதில் 'என் மகள் நான்கு வயதுக் குழந்தை'. இரண்டாவதில் 'என் மகளுக்குப் பத்து வயதுதான் ஆகிறது'. இது மூன்றாவது. மூன்றிலும் காரணம் நான்தான். முன்னிரண்டில் நான் சின்னப் பிள்ளையாக இருந்தேன், என்ன செய்ய முடியும். இந்தக் காரணத்தை மட்டும் நானே அடுப்பில் ஏற்றிக் காய்ச்சிக் கொடுத்திருக்கிறேன்.

பால் தானாகப் பொங்கவில்லை. சாதம் தானாக அடிப்பிடிக்கவில்லை. அம்மா போய்விடுவாள் என்று பயந்தேன். ஏழு மணிக்கு அவள் வரும் செருப்புச் சத்தம் கேட்காவிட்டால் எப்படியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. அதனால் செய்தேன். பாவி நான்.

படம் எடுத்துக் குழுவில் போடவில்லை.

மே 13, செவ்வாய்

காலை ஐந்தரைக்கு எழுந்துவிட்டேன். அம்மா எழுந்து வரும்போது சாதம், சாம்பார், பீன்ஸ் பொரியல், ரசம் எல்லாம் மேடையில் மூடியிருந்தன. அவள் ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தாள். சாம்பாரை உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டு நக்கிப் பார்த்தாள். இந்தத் தடவை அத்தை வந்தார்களா என்று கேட்கவில்லை.

"எப்பப் பழகுனே?"

"ஏப்ரல்லயேங்கம்மா."

"அப்ப அந்த உப்புச் சாம்பாரு?"

நான் தலையைக் குனிந்துகொண்டேன். அம்மா சாம்பாரை மூடி வைத்தாள். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"ரெண்டு தரம் நானா எழுதிக் குடுத்தேன். அது என்ற இஷ்டம், எனக்கு வருத்தமில்ல. இந்தத் தரம் நீ எழுத வச்சுட்டே பாரு." குரலை உயர்த்தவே இல்லை. "முழுச் சாம்பாரையும் தின்னேன்டி. நான் சரியாச் சொல்லித் தரலையோன்னு நெனச்சுத் தின்னேன்."

அழுதேன். அவளும் அழுதாள். பிறகு, "போதும், ரசம் ஆறுது" என்றாள்.

இத்தோடு கதை சுபமாக முடிந்திருக்க வேண்டியது. அப்பா வந்தார். எல்லாவற்றையும் கேட்டார். பொரியலை வாயில் போட்டுப் பார்த்து முகம் மலர்ந்தார்.

"அட, பிரமாதம்! அப்பறமென்ன பூங்கொடி, நீ நிம்மதியாப் போயிட்டு வா. அதான் மௌனி எல்லாங் கத்துக்கிட்டாளே. எனக்கு என்ன, காலைல நாலு தோசை, மத்தியானம் கடைக்கு ஒரு கேரியர், ராத்திரிக்கு எதோ ஒண்ணு. அவ பாத்துக்குவா."

வாசலில் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்த வளர்மதி அத்தை, "பொம்பளப் புள்ளைன்னா அப்படித்தானே அம்மிணி. கல்யாணத்துக்கும் ஆச்சு" என்று தன் பங்கையும் போட்டார்.

முப்பது நாள் திட்டத்தின் உள்நோக்கம் அப்போதுதான் எனக்கு விளங்கியது. நானே செய்வேன் என்றால், எல்லோருக்கும் நானே செய்வேன் என்று அர்த்தமாம். விஷ்வாவுக்குக் கேடயம் கிடைக்கும், எனக்கு உத்தியோகம்.

அம்மா கடிதத்தை எடுத்துக் கைப்பைக்குள் வைத்தாள். "பிளஸ் டூ படிக்கற புள்ள. என்ற எடத்துல இவள நிறுத்தீட்டுத்தான் போகோணும்னா நான் போகவே இல்லீங்க. வெள்ளிக்கிழம குடுத்தர்றேன்."

"நான் என்ன தப்பாச் சொல்லீட்டேன்?" என்று அப்பா நிஜமாகவே எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். அவருக்குத் தெரியவில்லை. அதுதான் எனக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

மே 14, புதன்

என்னிடம் இரண்டு நாள் இருக்கிறது. காலையில் அம்மாவிடம் சொன்னேன்: "ரெண்டு நாளைக்கு இந்த வீட்டுல அவங்கவங்க வேலைய அவங்கவங்க செய்யறோம். நீங்க வங்கில சாப்பிட்டுக்கோங்க. அடுப்படிக்குள்ள வரக்கூடாதுங்கம்மா." அம்மா ஒரு நொடி யோசித்தாள். "சரி" என்றாள். இவ்வளவு சுலபமாக அவள் எதற்கும் சரி சொல்லி நான் பார்த்ததில்லை.

எனக்கு மட்டும் சமைத்தேன். இதில் ஒரு சிக்கல்: இதுவரை பழகத்தான் சமைத்தேன், வயிற்றுக்கு அளந்ததில்லை; எங்கள் வீட்டுக் கணக்கெல்லாம் மூன்று பேருக்கு. ஒரு ஆளுக்கு எவ்வளவு என்று ரிஸ்வானாவுக்குக் கூடத் தெரியவில்லை. அவள் வீட்டில் ஏழு பேர். முதலில் ஒரு டம்ளர் அரிசி போட்டேன், மிஞ்சியது. அடுத்த வேளை அரை டம்ளர், பசித்தது. முக்கால் டம்ளர்தான் சரி.

அப்பா மத்தியானம் ஓட்டலில் சமாளித்தார். சாயங்காலம் கடையிலிருந்து சீக்கிரமே வந்து, "டீ" என்றார். வீடு பதில் சொல்லவில்லை. அவரே எழுந்து போனார். ஏழு டப்பா திறந்தார். "இந்தச் சக்கரைய எங்க வெக்கறீங்க?" என்றார். "பதினெட்டு வருஷமா அதே எடத்துலதாங்கப்பா" என்றேன். பாத்திரத்தை ஓர் அடுப்பில் வைத்துப் பக்கத்து அடுப்பைப் பற்ற வைத்து, பத்து நிமிடம் கைகட்டி நின்றார். "இந்த மாசம் கேஸுல பவரே இல்ல" என்பது அவர் தீர்ப்பு.

பதினான்கு பேரை மேய்க்கிறவர். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. கொஞ்சம் பாவமாகவும் இருந்தது, அதை அவரிடம் காட்டவில்லை.

மே 15, வியாழன்

இன்று அப்பாவே வந்து நின்றார். இரண்டு நாள் ஓட்டல் எண்ணெய் அவர் நெஞ்சைக் கரித்திருந்தது. "உப்புமா கஷ்டமா அம்மிணி?" என்றார். அவர் வாழ்நாளில் எந்த உப்புமாவுக்கும் இவ்வளவு மரியாதை கொடுத்ததில்லை.

நான் கட்டளை மட்டும்தான் போட்டேன். ரவையை வறுக்கச் சொன்னேன், "வறுபட்டுருச்சுன்னு நமக்கு எப்படித் தெரியும்?" என்றார். வெங்காயத்தை அறுக்க அரைமணி நேரம், அழுகை வேறு. வங்கியிலிருந்து அப்போதுதான் வந்த அம்மா, அடுப்படி வாசலில் நின்று பார்த்தாள். கொதிக்கும் தண்ணீரில் ரவையை அவர் மொத்தமாகக் கவிழ்க்கப் போன நொடியில், அவள் கை தானாகக் கரண்டியை நோக்கி நீண்டது. நான் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டேன். வளையலோடு சேர்த்து இறுக்கிப் பிடித்தேன். ரவை கட்டி கட்டியாக விழுந்தது. விழட்டும்.

அப்போது எடுத்த படத்தில் அப்பா, வாணலி, வியர்வை, இரண்டே இரண்டு கை.

ரிஸ்வானாவுக்கு அனுப்பத்தான் எடுத்தேன். கை தவறிப் பெற்றோர் குழுவுக்குப் போய்விட்டது. அழிப்பதற்குள் வெள்ளம் வந்துவிட்டது. அறுபத்தேழு ஹார்ட். 'சூப்பர் சார்!' 'அப்பான்னா இப்படி இருக்கோணும்.' 'எங்க வீட்டுக்காரருக்கு ஃபார்வர்டு பண்ணியாச்சு.' விஷ்வாவின் அம்மா கைதட்டும் பொம்மை பன்னிரண்டு போட்டிருந்தார். கீதாலட்சுமி மிஸ் எழுதியிருந்தார்: 'முன்மாதிரித் தந்தை!'

அப்பா ஒவ்வொன்றாக இரண்டு தரம் படித்தார். உப்புமா கட்டியைக் கடித்தபடியே படித்தார். பிறகு போன் அம்மா கைக்குப் போனது. அவள் கடைசி ஹார்ட் வரைக்கும் தள்ளிப் பார்த்தாள்.

"பதினெட்டு வருஷமா ஆக்கிப் போட்டேன். எனக்கு ஒண்ணு கூட வரல" என்றாள்.

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். நானும் சிரித்தேன். அப்பா சிரிக்கவில்லை. மெல்லுவதை நிறுத்திவிட்டுத் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். ரொம்ப நேரம் கழித்து, "அந்த லெட்டர நாளைக்குக் குடுக்காத பூங்கொடி" என்றார்.

"நாளைக்கு என்ன செய்யறதா இருக்கறீங்க?" என்றாள் அம்மா.

"எலுமிச்சம்பழச் சாதம். வீடியோ பாத்து வச்சுருக்கறேன்."

அம்மா கைப்பையிலிருந்து மறுப்புக் கடிதத்தை எடுத்தாள். மேஜையில் திருப்பிப் போட்டு, வெற்றுப் பக்கத்தில் எழுத ஆரம்பித்தாள். 'சர்க்கரை: மேல் தட்டு, இடது. மஞ்சள் தூள்: அதற்குப் பக்கத்தில். அடுப்பு: பாத்திரம் எந்தப் பக்கமோ அந்தப் பக்கக் குமிழ்.'

மே 16, வெள்ளி

அம்மா வங்கியில் சம்மதம் எழுதிக் கொடுத்துவிட்டாள். அந்தத் தாள் ஃபிரிட்ஜ் கதவில் காந்தம் வைத்து ஒட்டியிருக்கிறது. முன்பக்கம் கதவோடு இருக்கிறது, யாருக்கும் தெரியாது.

மே 18, ஞாயிறு

அம்மாவை ரயில் ஏற்றிவிட்டு வந்தோம். வளர்மதி அத்தை ஸ்டேஷன் வரை வந்து, "ஆம்பளையச் சமைக்க உட்டுட்டுப் போறா பாரு" என்று ரயில் நகரும் வரை சொல்லிக்கொண்டிருந்தார். அப்பா, "அக்கா, நீங்களும் ஒருநாள் வாங்க, லெமன் ரைஸ் செஞ்சு போடறேன்" என்றார். அத்தைக்கு அதைவிடப் பெரிய அவமானம் இருக்க முடியாது.

வீட்டுக்கு வந்து ஏழு மணிவரை நான் வாசல் பக்கம் போகவில்லை. செருப்புச் சத்தம் வராது என்று தெரியும். தெரிந்தும் காது அங்கேயேதான் இருந்தது. அம்மா இல்லாதது வலிக்கிறது. அவ்வளவுதான், இதில் கேலி செய்ய ஒன்றுமில்லை.

மே 20, செவ்வாய்

இன்றோடு முப்பது நாள் முடிந்தது. பள்ளியில் பரிசளிப்பு. முதலிடம் விஷ்வா. கேடயத்தை வாங்க மேடை ஏறியவன் சட்டைப் பொத்தானை ஏற்ற இறக்கமாகப் போட்டிருந்தான்; அவன் அம்மா மேடைக்கே போய்ச் சரிசெய்துவிட்டு வந்தார். ரிஸ்வானாவுக்குப் பங்கேற்புச் சான்றிதழ். எனக்கு ஒன்றும் இல்லை, எட்டு நாள் படம் போடவில்லையாம். சிறப்புப் பரிசுச் சான்றிதழ் என் அப்பாவுக்கு. ஒரே ஒரு உப்புமாவுக்கு! பிரேம் போட்டு வீட்டில் மாட்டச் சொல்கிறார். சாயங்காலம் பாத்திரம் கழுவ நான் வருகிறேனா என்று பார்த்துவிட்டு, வராததால் அவரே கழுவிக்கொண்டிருக்கிறார். சத்தம் அதிகம், கழுவுதல் குறைவு. ஆனால் அவர்தான் கழுவுகிறார்.

ஆறரைக்கு அம்மா கூப்பிட்டாள். அறை பிடித்து, ஓர் அடுப்பும் சின்னக் குக்கரும் வாங்கிவிட்டாளாம். அந்தப் பக்கம் உட்காரும் சேர் சுழல்கிறதாம். பேசிக்கொண்டே வந்தவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"கண்ணு, ஒண்ணு கேக்கோணும், சிரிக்கக் கூடாது. ஒரு ஆளுக்கு எத்தன அரிசி போடோணும்? நேத்துப் பழக்கத்துல மூணு பேருக்கு வச்சுட்டேன். காத்தாலயும் அதையேதான் தின்னேன்."

"முக்கா டம்ளருங்கம்மா. ரெண்டு டம்ளர் தண்ணி, மூணு விசில்."

"முக்காலா? அவ்வளவுதானா?" என்றாள். டம்ளரில் அரிசி விழும் சத்தம் கேட்டது.

"வச்சுட்டுப் போட்டோ அனுப்புங்க. அப்பத்தான் நம்புவேன்."

ஏழு மணிக்குப் படம் வந்தது. சின்னக் குக்கர், உள்ளே ஒரு ஆள் சாதம், அதைப் பிடித்த ஒற்றைக் கை. இன்னொரு கையில் போன் இருந்திருக்கும். வேறு யாருடைய கையும் படத்தில் இல்லை.

நான் ஒரு ஹார்ட் போட்டேன். அப்பாவைக் கூப்பிட்டேன். சோப்புக் கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு வந்து அவரும் ஒன்று போட்டார்.